கதவைச் சாத்தியவன்

1

தொடர் முடிந்து எட்டு மாதம் ஆகிறது. இன்னமும் காலை ஐந்தே முக்காலுக்கு விழிப்பு வந்துவிடுகிறது. எழுந்து அரிசி களைந்து குக்கரில் போட்டு, மகள் ஹனாவுக்கு மதியச் சாப்பாடு கட்டி, இரவு ஷிப்ட் முடிந்து வந்து படுக்கும் கணவர் ரஃபீக்குக்காகத் திரையை இழுத்துவிட்டு, பழக்கத்தில் மேஜைக்கு முன்னால் போய் உட்காருகிறேன். வரைவதற்கு ஒன்றும் இல்லை. வலது மணிக்கட்டில் பட்டி சுற்றியிருக்கிறது. கைக்கு ஓய்வு வேண்டும் என்று மருத்துவர் சொல்லிவிட்டார். இதை இடது கையால் தட்டிக்கொண்டிருக்கிறேன்.

நான் பர்வீன், சைதாப்பேட்டைக்காரி. தி.நகரில் ஒரு விளம்பரக் கம்பெனியில் பட்டுப்புடவை விளம்பரங்களுக்குப் புடவைக் கரை வரைந்துகொண்டிருந்தேன். இருபத்தைந்து வயதில் ஓவியம் படிக்க இரண்டு வருட உதவித்தொகை கிடைத்து ஜப்பானுக்கு வந்தேன். இரண்டு வருடம் பத்தொன்பதாகிவிட்டது. அதில் பதினாறு வருடம் ஒரே ஒரு சாமுராய் சித்திரக்கதைக்குப் பின்னணி வரைந்தேன். கதாநாயகனின் முகம், உடம்பு, வாள் தவிர மற்றதெல்லாம் பின்னணிதான். ஓட்டுக் கூரை, மூங்கில், புல், குதிரை லாயம், சந்தைக் கூட்டம். முகத்தையும் வாளையும் மொரியா-சான் வரைவார். கதை அவருடையது. பெண். என்னைவிட ஒரு வயது சின்னவர். சாமுராய் கதையைப் பெண்ணா வரைகிறாள் என்று சைதாப்பேட்டையில் கேட்டார்கள். ஜப்பானிலும் கேட்டார்கள்.

2

சாமுராய் கதை என்றால் எல்லாரும் வெட்டுக்குத்து என்று நினைக்கிறார்கள். மொரியா-சான் வெட்டை வரையவே மாட்டார். உறையிலிருந்து வாள் ஒரு விரல் அளவு வெளியே வந்திருக்கும், அது ஒரு கட்டம். அடுத்த கட்டத்தில் கிண்ணத்து விளிம்பில் ஒரு ஈ. அதற்கடுத்ததில் எல்லாம் முடிந்திருக்கும். ஆள் விழுந்து கிடப்பான், ஈ பறந்து போயிருக்கும். வெட்டியது நடுவில், நம் தலைக்குள். சாமுராய் வாளைத் துடைப்பதற்கு மட்டும் நான்கு கட்டம் எடுத்துக்கொள்வார். கொல்வது சுலபம், கொன்ற பிறகு அந்தக் கையை என்ன செய்வது என்பதுதான் கதை என்பார்.

அந்த நான்கு கட்டங்களில் புல் அசைய வேண்டும். அது என் வேலை. காற்று எந்தப் பக்கம் என்று தீர்மானித்துக்கொண்டு, ஒரே மூச்சில் ஆயிரம் கோடு. நிப்பை அழுத்தினால் கோடு தடிக்கும், விட்டால் மெலியும். தடித்து மெலிகிற அந்த இடத்தில்தான் புல் உயிரோடு இருக்கும். ஒரு பக்கத்துக்கு ஒன்பது மணி நேரம் எடுத்த புல் உண்டு. வாசகர் அதை இரண்டு நொடியில் தாண்டிப் போய்விடுவார். தாண்டிப் போக வேண்டும், ஆனால் கொஞ்சம் மெதுவாகப் போக வேண்டும். அதற்குத்தான் சம்பளம்.

புத்தகம் வலமிருந்து இடம். மற்ற வெளிநாட்டு உதவியாளர்கள் முதல் மாதம் தடுமாறினார்கள். எனக்கு அந்தச் சிரமம் இல்லை. வீட்டில் உருது, பள்ளியில் தமிழ். இரண்டு பக்கமும் கண் ஓடிப் பழகியிருந்தது. எங்கள் வீட்டில் எல்லாமே உருதுவில்தான். சண்டை மட்டும் தமிழில்.

3

இங்கே அலுவலகங்களில் எனக்குப் பெயர் ‘சத்தாரு’. பாஸ்போர்ட்டில் பர்வீன் சத்தார் என்று இருப்பதில் பின்னால் வருவது குடும்பப் பெயர் என்று எடுத்துக்கொண்டார்கள். அது என் அப்பாவின் பெயர் என்று முதல் வருடம் விளக்கிப் பார்த்தேன். பிறகு விட்டுவிட்டேன். வார்டு அலுவலகத்திலும் ஆஸ்பத்திரியிலும் மைக்கில் அப்பாவைக் கூப்பிடுவார்கள், நான் எழுந்து போவேன்.

சைதாப்பேட்டை கோர்ட் வாசலில் மேஜை போட்டு மனு டைப் அடித்துக் கொடுத்துவந்த அப்துல் சத்தார் பன்னிரண்டு வருடத்துக்கு முன்னால் ஒரு நவம்பரில் இறந்தார். ‘சீரியஸ், உடனே கிளம்பு’ என்று என் அண்ணன் அன்வர் போன் செய்தது ஒரு திங்கட்கிழமை. அந்த வாரம் எங்களுக்குப் பக்கங்கள் ஒப்படைக்க வேண்டிய வாரம். நான் புதன்கிழமை கிளம்பினேன். செவ்வாய் மதியமே அடக்கம் முடிந்துவிட்டது.

வியாழன் காலையில் விமான நிலையத்திலிருந்து நேராக வீட்டுக்குப் போனேன். பெட்டியை மாடிப்படியில் வைத்துவிட்டு மணி அடித்தேன். அன்வர் பாய் கதவைத் திறந்தார். என்னைப் பார்த்தார். பெட்டியைப் பார்த்தார். சாத்திவிட்டார். ஓங்கி அறையவில்லை, மெதுவாகத்தான். உள்ளே இருந்து அம்மி, என் அம்மா, “யாரு?” என்று கேட்டாள். “யாரும் இல்ல” என்றார்.

அடையாறில் இருக்கும் ரஃபீக்கின் அக்கா வீட்டுக்குப் போனேன். மறுநாள் அம்மி ஆட்டோ பிடித்து அங்கே வந்தாள். “லீவு குடுக்கலியா அவங்க?” என்று கேட்டாள். “குடுக்கல” என்று சொன்னேன். “இன்னா ஜனங்க” என்று அழுதாள். அதற்குப் பிறகு இரண்டு தடவை சென்னை வந்தேன். இரண்டு தடவையும் அடையாறில் தங்கினேன், அம்மி ஆட்டோவில் வந்து போனாள். பாய் பேசவில்லை.

4

அதற்கடுத்த வருடம் கதையில் ஒரு பனிக்கால அத்தியாயம் வந்தது. எங்கள் சாமுராய் தன் எஜமானைப் போரில் இழந்தவன். எஜமானின் சின்ன மகளைக் காப்பாற்ற அவளைக் கூட்டிக்கொண்டு ஊர் ஊராகப் போகிறான். ஒரு மாலை, பனியில் நனைந்து ஒரு சத்திரத்துக் கதவைத் தட்டுகிறான். திறக்கிற காவலாள் அவனோடு ஒன்றாக வளர்ந்தவன். பார்க்கிறான். சாத்திவிடுகிறான். வசனம் கிடையாது, முழுப் பக்கம்.

“காவலாள் ஒரு தடவைதான் வருவான். முகத்தை நீங்களே போட்டுவிடுங்கள்” என்றார் மொரியா-சான்.

வேறு முகம் எனக்கு வரவில்லை. இடது புருவத்தை இரண்டாக வெட்டும் தழும்பு, மேலுதட்டைக் கடித்துக்கொள்ளும் பழக்கம், எல்லாம் அப்படியே வந்து விழுந்தது. அன்வர் பாயை சாமுராய் காலத்து உடுப்பில் நிறுத்தி, கதவைச் சாத்த வைத்தேன். பழி வாங்கினேனா என்று கேட்டால் ஆமாம் என்றுதான் சொல்ல வேண்டும்.

அந்தப் பக்கம் வாசகர்களைப் பிடித்துக்கொண்டது. கதவைச் சாத்தியவன் ஏன் சாத்தினான் என்று கேட்டுக் கடிதங்கள் வந்தன. மொரியா-சான் அவனைத் திரும்பக் கொண்டுவந்தார். ஒரு அத்தியாயத்தில் அவன் தூங்க முடியாமல் கிடந்தான். இன்னொன்றில் அவர்களைத் தேடிக்கொண்டு மலையேறினான், பிடிக்க முடியாமல் திரும்பினான். எட்டு வருடம் அவன் வந்து வந்து போனான், முகம் மட்டும் எப்போதும் என் பொறுப்பு. அண்ணனுக்கு நரை விழுந்திருக்கும் என்று கணக்குப் போட்டு நரை போட்டேன். கன்னம் ஒட்டியிருக்கும் என்று ஒட்ட வைத்தேன். வருடத்தில் நாலைந்து தடவை இப்படி அண்ணனோடு உட்கார்ந்திருந்தேன்.

மூன்று வருடத்துக்கு முன்னால் அவன் செத்தான். எதிரிகள் துரத்தி வர, அந்தச் சின்னப் பெண் வந்து தட்டுகிறாள். இந்தத் தடவை திறக்கிறான். அவளை உள்ளே விட்டுவிட்டு வெளியே போய் நிற்கிறான். “இவனை விட்டுவிடலாமே” என்று மொரியா-சானிடம் சொன்னேன். பதினாறு வருடத்தில் கதையைப் பற்றி நான் வாய் திறந்தது அந்த ஒரு தடவைதான். அவர் முடியாது என்று தலையை அசைத்தார். இரண்டு நாள் அந்த முகத்தை வரைந்தேன். அத்தியாயம் வெளியான அன்று பாய்க்குப் போன் செய்தேன். மணி அடித்து அடித்து நின்றது.

5

போன மாதம் அம்மி கூப்பிட்டாள். அப்பா பெயரிலேயே இருக்கும் வீட்டை மாற்ற வேண்டும், அதற்கு வாரிசு சான்றிதழ் வேண்டும், நீ வந்து கையெழுத்துப் போட வேண்டும் என்றாள்.

“பன்னெண்டு வருஷமா எடுக்கலியா?”

“அன்வர் உன் பேர எழுதவும் மாட்டேங்கிறான், உன்ன வுட்டுட்டு எழுதவும் மாட்டேங்கிறான். ஊர்ல கீறவனுக்கெல்லாம் எழுதிக் குடுக்கிறான். நான் கண்ண மூடுறதுக்குள்ள ஒரு பேப்பர்லயாவது நீங்க ரெண்டு பேரும் சேந்து இருங்க.”

அப்பாவின் மேஜை இருந்த இடத்துக்கு எதிரில் பாய் இப்போது ஜெராக்ஸ், டைப்பிங் கடை வைத்திருக்கிறார். வாரிசு மனு அவருக்கு மனப்பாடம்.

பள்ளி விடுமுறை என்பதால் ஹனாவையும் கூட்டிப் போனேன். பதினாலு வயது. தமிழ் புரியும், பதில் ஜப்பானிய மொழியில்தான் வரும். என்னிடம்கூட இப்போது எழுத்தில்தான் அதிகம் பேசுகிறாள், குளிர்சாதனப் பெட்டியில் ஒட்டும் சீட்டுகளில். நான் வரைந்த தொடரை அவள் படித்ததில்லை. “உன் வேலைதானே” என்பாள். அவளுக்கு அந்தப் புத்தகம் என்பது நான் வீட்டில் இல்லாத நேரம்.

அடையாறில் எங்களைப் பார்க்க வந்த அம்மி அவளிடம் உருதுவில், “பசிக்குதா?” என்று கேட்டாள். ஹனா, “ஹாய்” என்றாள். ஜப்பானிய மொழியில் ஆமாம், காதுக்கு உருது ‘ஹாங்’ மாதிரியே இருக்கும். டீ வேண்டுமா? “ஹாய்.” அம்மிக்கு ஒரே சந்தோஷம். “பாத்தியா, உருது வருது இவளுக்கு” என்றாள். நான் திருத்தவில்லை.

6

கோர்ட்டுக்குப் பக்கத்தில் இருக்கும் தாலுகா அலுவலகத்தில் மூன்று நாள் போனது. முதல் நாள் அதிகாரி வெளி வேலையாகப் போயிருந்தார். இரண்டாம் நாள் கம்ப்யூட்டர் ஓடவில்லை. மூன்றாம் நாள் கிளார்க் என் காகிதங்களை வரிசையாகப் பரப்பினார். பிறப்புச் சான்றிதழில் பர்வின் பானு. பள்ளியில் எஸ். பர்வீன் பானு. பாஸ்போர்ட்டில் பர்வீன் சத்தார்.

“இதுல நீங்க யாரும்மா?”

“மூணும் நான்தான் சார்.”

“அது உங்களுக்குத் தெரியும். பேப்பருக்குத் தெரியணுமே. மூணும் ஒரே ஆளுன்னு ஒரு அபிடவிட் வாங்கிகினு வாங்க. ஜப்பான்ல இன்னா வேல?”

“படம் வரையறேன். சாமுராய் கதைக்கு.”

“அதுக்கு சம்பளம் தர்றாங்களா?”

“தந்தாங்க.”

“நல்ல ஊரு” என்று சொல்லிவிட்டு அடுத்த ஆளைக் கூப்பிட்டார். ‘எதிர்ல அன்வர் பாய் கடைல அடிச்சிக் குடுப்பாரு’ என்பதையும் அவரே சேர்த்துக்கொண்டார். தெரியும் சார் என்று சொல்லித் தலை குனிந்து வணங்கினேன். பத்தொன்பது வருடப் பழக்கம். கியூவில் நின்றவர்கள் சிரித்தார்கள். ஹனா என் கையை விட்டுவிட்டுத் தள்ளி நின்றாள்.

7

கடையில் இரண்டு மெஷின். ஒன்றில் பாய் ஏதோ பத்திரத்தை நகல் எடுத்துக்கொண்டிருந்தார். கம்ப்யூட்டர் முன்னால் அவருடைய மகள் ஷாஹீன். கடைசியாக நான் பார்த்தபோது ஒன்பது வயது, இப்போது கல்லூரி கடைசி வருடம். என்னைப் பார்த்ததும் எழுந்துவிட்டாள்.

“புப்பு!” என்றாள். எங்கள் வீட்டில் அத்தையை அப்படித்தான் கூப்பிடுவோம்.

பாய் திரும்பிப் பார்த்தார். நரை நான் போட்டதைவிட அதிகம். கன்னம் ஒட்டவில்லை, நன்றாக உப்பியிருந்தது. அதில் என் கணக்குத் தப்பாகிவிட்டது.

“அபிடவிட் வேணும்” என்றேன்.

“அடிச்சி வெச்சிக்கீறேன்” என்றார். “மூணு பேரு, ஒரே ஆளு. அவன் அதான் கேப்பான்னு தெரியும்.”

கையெழுத்துப் போட்டேன். அதை மடித்துக் கவரில் போட்டு நீட்டினார். வாங்கிக்கொண்டு நின்றேன். அவரும் நின்றார். ஷாஹீன்தான் பொறுக்க முடியாமல், “அப்பா, குடுங்கப்பா அத” என்றாள்.

“சும்மா இரு.”

அவள் சும்மா இருக்கவில்லை. மேஜை இழுப்பறையைத் திறந்து ஒரு ஸ்பைரல் பைண்டிங்கை எடுத்து என் முன்னால் வைத்தாள். நீல அட்டை. கோர்ட் கட்டு என்று நினைத்துத் திருப்பினேன். பனி, சத்திரம், கதவு. அன்வர் பாயின் முகம்.

அடுத்த பக்கம், தூங்க முடியாமல் கிடக்கும் அன்வர் பாய். அதற்கடுத்தது, மலையில். அவன் வந்த ஒவ்வொரு பக்கமும் வரிசையாக இருந்தது, ஓரத்தில் ஆங்கிலத்தில், பாயின் கையெழுத்தில் மாதமும் வருடமும்.

“நான் எட்டாவது படிக்கிறப்போ போன்ல படிச்சிகினு இருந்தேன் புப்பு. திடீர்னு பாத்தா அப்பா. ஓடிப் போய்க் காமிச்சேன். அன்னிலேந்து மாசா மாசம் கேப்பாரு, ‘இந்த மாசம் நான் வந்துகீறனா?’ன்னு. வரலன்னா ஒரு மாரி இருப்பாரு.”

ஸ்டூலை இழுத்து உட்கார்ந்தேன்.

“கோவம் வரலியா பாய்?”

“வந்துது. நல்லா வந்துது. ஊரு ஒலகத்துக்கே படம் போட்டுக் காமிச்சிட்டியேன்னு.” மெஷின் மூடியைத் திறந்து மூடினார். “அப்புறம் மலை ஏறினேனே, அதப் பாத்தேன். அவ்ளோ தூரம் ஏறி வந்து புடிக்க முடியாம திரும்புறான். சரி, இவளுக்குக் கொஞ்சம் தெரிஞ்சிருக்குன்னு நெனச்சேன்.”

“கதை என்னோடது இல்ல பாய். முகம்தான் நான்.”

“மூஞ்சில என்ன கீதுன்னு கத எழுதறவங்களுக்கு எப்டித் தெரியும்? நீ போட்டதப் பாத்துத்தான எழுதினாங்க?”

இதை நான் எட்டு வருடத்தில் ஒரு தடவையும் யோசித்ததில்லை. பைண்டிங்கின் கடைசிப் பக்கம் வரைக்கும் புரட்டினேன். சத்திரத்தில் அவன் தனியாகச் சோறு தின்னும் பக்கத்தோடு நின்றுவிட்டது.

“இதுக்கப்புறம் ஒரு அத்தியாயம் இருக்கே.”

“அது எடுக்கல. இங்க் தீந்துபோச்சு” என்றார் பாய். ஷாஹீன் வேறு பக்கம் பார்த்தாள்.

“அது வந்த அன்னிக்கு நான் போன் பண்ணேன். நீ எடுக்கல.”

“செத்தவன் எப்டி எடுப்பான்?”

முதலில் சிரித்தது யார் என்று தெரியவில்லை. பன்னிரண்டு வருடத்துக்குப் பிறகு நாங்கள் இரண்டு பேரும் ஒரு கூரையின் கீழ் சிரித்தோம். ஹனா என்னைப் பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு அந்தக் கட்டைத் தன் பக்கம் இழுத்து முதல் பக்கத்திலிருந்து பார்க்க ஆரம்பித்தாள்.

8

ஷாஹீன் ஹனாவைக் கூட்டிக்கொண்டு டீ வாங்கப் போனாள். கடையில் நாங்கள் இருவர் மட்டும்.

அதோடு கிளம்பியிருக்கலாம். எல்லாம் நன்றாக முடிந்திருக்கும். ஆனால் களைப்பாக இருந்தது. ஒரு பொய்யைப் பன்னிரண்டு வருடம் தூக்கிக்கொண்டு இரண்டு நாட்டுக்கும் நடுவில் அலைந்த களைப்பு.

“பாய், லீவு குடுக்கலன்னு அம்மி கிட்ட சொன்னேன். அது பொய்.”

அவர் மேஜை மேல் கிடந்த காகிதங்களை அடுக்கினார்.

“திங்கக்கிழமையே போகச் சொல்லிட்டாங்க. டிக்கெட் பாக்கறதுக்கு மொரியா-சானே உக்காந்தாங்க. நான்தான் ரெண்டு நாள்ல முடிச்சிட்டுப் போறேன்னேன்.”

“பயமா?”

“பயமும்தான். அப்பாவை அப்படிப் பாக்கணுமேன்னு. ஆனா அது மட்டும் இல்ல. நான் போட்டுகினு இருந்த பக்கம் நல்லா வந்துகினு இருந்துது. அவ்ளோ நல்லா எனக்கு அதுவரைக்கும் வந்ததே இல்ல. வுட்டுட்டு எழுந்திருக்க முடியல.”

சொன்ன பிறகு தெருவில் பஸ் போகும் சத்தம் கேட்டது. ஆட்டோ ஒன்று ரிவர்ஸ் எடுத்தது. யாரோ ஒருவர் ஆதார் நகல் எடுக்க வந்தார். பாய் இரண்டு காப்பி எடுத்துக் கொடுத்து, சில்லறை வாங்கிப் போட்டுவிட்டுத் திரும்பினார்.

“எது அந்தப் பக்கம்?” என்றார்.

போனில் தேடி எடுத்துக் காட்டினேன். ஆற்றங்கரை. சாமுராய் தன் எஜமானைப் புதைத்துவிட்டு நிற்கிறான், முதுகு மட்டும் தெரிகிறது. பக்கம் முழுக்க மழை. ஒவ்வொரு கோடும் கையால் இழுத்தது, ஒன்றைப் போல் ஒன்று இருக்காது. பாய் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு பார்த்தார். பெரிதாக்கிப் பார்த்தார். மறுபடி சின்னதாக்கினார். ரொம்ப நேரம் பார்த்தார். திட்டினால் வாங்கிக்கொள்ளத் தயாராக இருந்தேன். ‘வெளியே போ’ என்றாலும் போயிருப்பேன்.

“இங்கயும் அன்னிக்கு மழதான்” என்றார்.

எங்களில் பெண்கள் அடக்கம் செய்யும் கபர்ஸ்தானுக்குப் போவது வழக்கமில்லை. சரியான நேரத்துக்கு வந்திருந்தாலும் அப்பாவின் முகத்தைப் பார்த்துவிட்டு வாசலோடு நின்றிருப்பேன். அதற்குப் பிறகு நடப்பதை ஆண்கள் வீட்டில் வந்து சொல்வதுமில்லை.

“காலைலேந்து வுடாம பேஞ்சிது” என்றார் பாய். போன் இன்னும் அவர் கையில்தான் இருந்தது. “நாங்க தூக்கிகினு போய் சேர்றதுக்குள்ள குழில முட்டி அளவு தண்ணி. பெயிண்டு பக்கெட்ட வாங்கி நானும் இன்னும் ரெண்டு பேரும் எறங்கி மொண்டு ஊத்தினோம். ஊத்த ஊத்த ஊறுது. எல்லாரும் குடைய எங்க மேல புடிக்கல, அப்பா மேல புடிச்சிகினு நின்னாங்க. மேல சுத்தின கபன் துணி நனையக் கூடாதுன்னு.”

“யாரு எறக்கினது?”

“நான்தான் உள்ள நின்னேன். தலைமாட்டுப் பக்கம். வெயிட்டே இல்ல பர்வீன். அவ்ளோ மெலிஞ்சிட்டாரு. கைல வாங்கினப்போ எனக்கு, இது அப்பா இல்ல, வேற யாரோன்னு தோணிடுச்சி. மூஞ்சிய தெறந்து பாக்கச் சொன்னாங்க. பாத்தேன்.”

டீயோடு பிள்ளைகள் வந்து வாசலில் நின்றார்கள். பாய் அவர்களைப் பார்க்கவில்லை.

“அப்புறம்?” என்று கேட்டேன்.

அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு, மேலே சொல்ல ஆரம்பித்தார்.